கோட்டும் கோவணமும் நாற்காலியும்

(பரமக்குடியில் மாணவர்களும் இயக்கத் தோழர்களும் சேர்ந்து நடத்திய ஓவியக் கண்காட்சியின் முடிவில் பேசியது. பேச்சு நடை கூடியவரை அப்படியே விடப்பட்டிருக்கிறது.)

'நவீன ஓவியமும் நம் சமூகமும்' என்று எனக்குத் தலைப்புக் கொடுத்திருக்கிறார்கள். நான் நவீன ஓவியன் இல்லை. போர்டு எழுதுகிறவன். சுவருக்கு வெள்ளையடித்து, நூல் அடித்து, கட்டம் போட்டு, சின்னப் போட்டோவைப் பத்தடி முகமாக்குகிற வேலை. நாற்பது வருசமாக அதுதான் சோறு. ஃபிளக்ஸ் வந்து பாதிச் சோற்றைப் பறித்துக்கொண்டது. மீதிப் பாதியில் நின்றுகொண்டு பேசுகிறேன்.

ஓவியக் கல்லூரி வாசலை மிதித்தவனில்லை. ஆனால் ஏணி மேல் நின்றே ஒன்றைக் கற்றுக்கொண்டேன். ஒரு மனிதனைப் படமாக்குவது கைத்திறன் விசயம் மட்டுமில்லை, அதிகார விசயம். யார் படமாகலாம்? என்ன உடுப்போடு படமாகலாம்? யார் வரையலாம்? வரைந்ததை யார் நிமிர்ந்து பார்க்கலாம்? இந்த நாலு கேள்வியையும் கேட்காமல் அழகியல் பேசுகிறவர்களை நான் நம்புவதில்லை.

முதலில் ஒரு போட்டோவைப் பற்றிச் சொல்கிறேன்.

எங்க தாத்தா முதுகுளத்தூர்ப் பக்கம் பண்ணையாளாக இருந்தவர். பஞ்சத்தில் ஊரை விட்டுக் கிளம்பி, மண்டபம் கேம்ப்பில் அடைபட்டுக் கிடந்து, தனுஷ்கோடியில் கப்பலேறித் தலைமன்னார் வழியாகத் தேயிலைத் தோட்டத்துக்குப் போனார். அந்தக் காலத்தில் நம் சனம் ஆயிரமாயிரமாய்ப் போன பாதை அது. சில வருசம் கழித்துத் திரும்பும்போது கொழும்பில் ஒரு ஸ்டூடியோவில் போட்டோ பிடித்துக்கொண்டு வந்திருக்கிறார். கோட்டு, கீழே கரண்டை வரை வேட்டி, காலில் செருப்பு, கிராப்பு வெட்டிய தலை, கையில் குடை. பின்னால் திரைச்சீலையில் வரைந்த மாளிகைத் தூண்.

அந்தப் போட்டோவை அவர் உயிரோடு இருந்தவரை நாங்கள் பார்த்ததே இல்லை. குலுக்கைக்குள் தானியத்துக்கு அடியில் துணி சுற்றி வைத்திருந்தார். அவர் செத்த அன்றைக்கு அப்பத்தா எடுத்து வெளியே வைத்தாள். நான் சின்னப் பையன். "ஏன் அப்பத்தா, இதைச் சுவத்துல மாட்டாம ஒளிச்சு வச்சிக?" என்று கேட்டேன். "ஏப்பா, இந்தக் கோலத்துல உங்க தாத்தாவ அவுக பாத்தா உசுரோட விட்ருப்பாகளா?" என்றாள்.

கோட்டுப் போட்டதற்கு உயிர் போகுமா? கிழவி கூட்டிச் சொல்கிறாள் என்றுதான் நினைத்தேன். ரொம்ப காலம் கழித்து ஒரு தோழர் 1931 மக்கள்தொகைக் கணக்கு அறிக்கையைக் காட்டினார். ஹட்டன் என்ற வெள்ளைக்கார அதிகாரி தொகுத்தது. அதில் நம்ம ராமநாதபுரத்துச் சேதி அச்சில் இருக்கிறது. 1930 டிசம்பரில் ஆதிக்க சாதியினர் ஆதிதிராவிடர்களுக்கு எட்டுத் தடை போட்டார்கள். பொன், வெள்ளி நகை போடக்கூடாது. ஆண்கள் முழங்காலுக்குக் கீழேயும் இடுப்புக்கு மேலேயும் துணி உடுத்தக்கூடாது. கோட்டு, சட்டை, பனியன் கூடாது. கிராப்பு வெட்டக்கூடாது. வீட்டில் மண்சட்டி தவிர வேறு பாத்திரம் கூடாது. பெண்கள் மார்பை மறைக்க ரவிக்கையோ தாவணியோ போடக்கூடாது. பூவும் மஞ்சளும் கூடாது. வெயிலுக்கும் மழைக்கும் குடை பிடிக்கக்கூடாது, காலில் செருப்புக் கூடாது. மீறிய இடங்களில் குடிசைகளைக் கொளுத்தினார்கள், தானியத்தை அழித்தார்கள், ஆடு மாட்டைக் கொள்ளையடித்தார்கள். 1931 ஜூனில் தடைகள் பதினொன்றாயின. பிள்ளைகள் படிக்கக்கூடாது என்பதும் அதில் சேர்ந்தது. கல்யாண ஊர்வலத்துக்குப் பல்லக்கு வேண்டுமென்றால் வீட்டுக் கதவைத்தான் கழற்றித் தூக்க வேண்டும் என்பதும் சேர்ந்தது.

இந்தப் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு எங்க தாத்தா போட்டோவைப் பார்த்தேன். கோட்டு, வேட்டி, கிராப்பு, குடை, செருப்பு. ஒரே போட்டோவுக்குள் நாலு தடையை மீறியிருக்கிறார் மனுசன். அப்பத்தா கூட்டிச் சொல்லவில்லை. குறைத்துத்தான் சொல்லியிருக்கிறாள்.

சாதியைத் தீண்டல், தீண்டாமை என்று தொடுவதை வைத்தே பேசிப் பழகிவிட்டோம். அந்த எட்டுத் தடையையும் திரும்பப் படித்துப் பாருங்கள். பெரும்பாலும் கண்ணுக்குத் தெரிகிற விசயங்கள். ஒருத்தனைத் தூரத்தில் பார்த்தவுடனே இவன் இன்னார் என்று தெரிய வேண்டும். அதற்காக அவன் உடம்பையே போர்டாக்கி, மேலே சாதியை எழுதி வைத்தார்கள். சாதி என்பது ஒரு காட்சி ஒழுங்கு. அதனால் ஓவியம், சிற்பம், போட்டோ எல்லாம் நமக்குப் பொழுதுபோக்கு இல்லை. சண்டை நடக்கிற இடமே அதுதான்.

இனி அரண்மனைக்குப் போவோம். ராமநாதபுரம் ராமலிங்க விலாசத்துக்கு நீங்கள் பள்ளிக்கூடத்திலிருந்து சுற்றுலா போயிருப்பீர்கள். 18ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில், முத்துவிஜய ரகுநாத சேதுபதி காலத்தில் தீட்டியவை என்று அந்தச் சுவரோவியங்களைச் சொல்கிறார்கள். இப்போது மாநிலத் தொல்லியல் துறையின் பராமரிப்பில் இருக்கிறது. ராமாயணம் இருக்கிறது, கண்ணன் கதை இருக்கிறது, தஞ்சாவூர் மராட்டியர்களோடு நடந்த சண்டை இருக்கிறது, சேதுபதி அய்ரோப்பியர்களைச் சந்திப்பது இருக்கிறது, ராஜராஜேஸ்வரி அம்மன் கையிலிருந்து சேதுபதி செங்கோல் வாங்குவதும் இருக்கிறது. நான் சுவரில் வேலை பார்க்கிறவன், அந்தக் கோட்டின் சுத்தம் எனக்குத் தெரியும். அதை வரைந்தவனின் கையைத் தொட்டுக் கும்பிடலாம். ஆனால் அந்த மண்டபம் முழுக்கக் கழுத்து வலிக்கத் தேடியும் நாற்று நடுகிற ஒருத்தி என் கண்ணில் படவில்லை. கண்மாய் வெட்டுகிற ஒருவன் படவில்லை. வானம் பார்த்த பூமியில் கண்மாய் வெட்டாமல், மடை திறக்காமல் எந்த ராஜா சோறு தின்றான்? ராஜா அம்மனிடம் செங்கோல் வாங்குகிறான். அவனுக்கு நெல் யாரிடமிருந்து வந்தது என்பதைச் சுவர் சொல்லவில்லை.

சரி, அது ராஜா காலம். நவீன கலை வந்து என்ன செய்தது?

சென்னையில் அலெக்சாண்டர் ஹண்டர் என்ற டாக்டர் 1850இல் தொடங்கிய ஓவியப் பள்ளிதான் இன்றைய அரசு கவின்கலைக் கல்லூரி. அதன் முதல்வராக 1957 வரை இருந்த தேவிபிரசாத் ராய் சௌத்ரி செய்த உழைப்பாளர் சிலை 1959இல் மெரினாவில் வைக்கப்பட்டது. நாலு பேர் ஒரு பாறையை நெம்புகிறார்கள். நரம்பு புடைத்திருக்கிறது, உடம்பில் கோவணம் தவிர எதுவுமில்லை. பெரிய கலைஞன் செய்த பெரிய வேலை, அதில் எனக்குச் சந்தேகமே கிடையாது. மே தினத்துக்கு அங்கே போய் நானும் கோஷம் போட்டிருக்கிறேன். ஆனால் அதற்கு முன்னால் நிற்கும்போதெல்லாம் குலுக்கைக்குள் கிடந்த எங்க தாத்தா போட்டோ ஞாபகத்துக்கு வரும். கோவணம் கட்டிய உழைப்பாளி உடம்பு கலைஞனுக்கு அழகாகப் படுகிறது. அந்தக் கோவணத்திலேயே இருக்கவேண்டும் என்றுதான் எங்களை அடித்தார்கள். அடித்தவன் பார்வையும் கலைஞன் பார்வையும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. எங்களுக்கு இது உறுத்தும் என்பது கலைஞனுக்குத் தோன்றவே இல்லையே, அதைத்தான் சொல்கிறேன்.

காந்தியை எடுத்துக்கொள்ளுங்கள். 1921 செப்டம்பர் 22, மதுரை. சட்டையைக் கழற்றிவிட்டு முழங்கால் அளவு துணிக்கு மாறினார். ஏழைகளில் ஒருவராக ஆவதற்கு என்றார்கள். அன்று முதல் அந்த உருவத்தை வரையாத ஓவியன் இல்லை. சிறுபத்திரிகைகளுக்கெல்லாம் கோடு போட்டுத் தந்த ஆதிமூலம்கூடக் காந்தி நூற்றாண்டையொட்டி வரைந்த காந்தி கோட்டோவியங்களால்தான் பரவலாகப் பெயர் பெற்றார். அற்புதமான கோடுகள். ஆனால் மதுரைக்கும் முதுகுளத்தூருக்கும் எவ்வளவு தூரம்? அங்கே ஒருவர் தானாகச் சட்டையைக் கழற்றினார், மகாத்மா ஆனார். ஒன்பது வருசம் கழித்து இங்கே ஒருவன் சட்டை போட்டான், குடிசை எரிந்தது. கழற்றுவதற்குச் சட்டை இருந்தவன் துறவி. போடுவதற்கே உரிமை இல்லாதவனுக்கு என்ன பெயர்? இந்த இரண்டாவது ஆளை நம் நவீன ஓவியம் வரைந்ததா?

1966இல் கே.சி.எஸ். பணிக்கரும் அவரோடு இருந்த ஓவியர்களும் சோழமண்டலம் ஓவியர் கிராமத்தை உண்டாக்கினார்கள். பத்திக் துணி செய்து விற்றுப் பிழைத்துக்கொண்டு ஓவியம் தீட்டினார்கள். அந்த வைராக்கியத்துக்கு வணக்கம். மேற்கைக் காப்பியடிக்காமல் நம்முடையதைத் தேடுவோம் என்றார்கள். நல்ல காரியம். ஆனால் 'நம்முடையது' என்று தேடிப்போன இடங்கள் எவை? பெரும்பாலும் கோயில் சிற்பம், யந்திரம், பழைய ஏடு, கிராம தேவதை. கிராமத்துக்குள் வந்தவர்கள் அய்யனார் குதிரையைப் பார்த்தார்கள், குதிரைக்கு அந்தப் பக்கம் இருந்த சேரியைப் பார்க்கவில்லை. மரபு என்று ஒன்றைப் பொதுவாக வைத்துவிட்டு, அந்த மரபு யாரை வெளியே நிறுத்தியது என்று கேட்காமல் விட்டால், அது சாதிக்கு நவீன வர்ணம் பூசுகிற வேலையாகத்தான் முடியும்.

இப்போது நம் சிலைக்கு வருகிறேன். நாடாளுமன்ற வளாகத்தில் 1967இல் வைத்த அம்பேத்கர் சிலையைச் செய்தவர் பி.வி. வாக் என்ற சிற்பி. நம் ஊர்களில் இருக்கிற சிலைகளைச் செய்தவர்கள் பெயர் எந்தக் கலை வரலாற்றிலும் இல்லை. சிமெண்டில், சுதையில், கொத்தனார் கை, சுதைச் சிற்பி கை, சிலசமயம் என்னைப்போல ஒரு போர்டு ஆர்ட்டிஸ்டின் கை. தலை பெரிதாக இருக்கும், கை குட்டையாக இருக்கும், கோட்டு எனாமல் நீலத்தில் பளபளக்கும். இதைப் பார்த்துப் படித்தவர்கள் சிரிக்கிறார்கள். அழகாக இல்லையாம்.

தோழர்களே, இந்தியாவில் உடுப்பே வெற்றியாக இருக்கிற ஒரே சிலை அம்பேத்கர் சிலைதான். அந்தக் கோட்டு 1930இன் மூன்றாவது தடைக்குப் பதில். காலில் இருக்கிற ஷூ எட்டாவது தடைக்குப் பதில். கையில் இருக்கிற புத்தகம் 1931இல் சேர்த்த தடைக்குப் பதில். எங்க தாத்தா குலுக்கைக்குள் ஒளித்துவைத்ததை நாங்கள் நாற்சந்தியில் நிறுத்தியிருக்கிறோம். அதனால்தான் உடைக்கிறார்கள். 2019 ஆகஸ்ட் 25 அன்று வேதாரண்யத்தில் பட்டப்பகலில் உடைத்ததை நாடே பார்த்தது. அழகில்லாத பொம்மை என்றால் உடைக்க எதற்கு இவ்வளவு ஆத்திரம்? உடைக்கிறவனுக்கு அதன் அர்த்தம் புரிந்திருக்கிறது. கலை விமர்சகருக்குத்தான் புரியவில்லை. அரசாங்கமோ சிலைக்கு இரும்புக் கூண்டு போட்டுவிட்டு, பாதுகாப்பு என்கிறது. அடித்தவனை விட்டுவிட்டு அடிபட்டவனை உள்ளே வைப்பது நமக்குப் பழகின நியாயம்தானே.

நம் ஆட்களே வரையத் தொடங்கும்போது என்ன நடக்கிறது? நாக்பூரில் 1961இல் பிறந்த சவி சவர்கர் பரோடாவில் படித்த ஓவியர். பேஷ்வா ஆட்சியில் தீண்டப்படாதவர் கழுத்தில் தொங்கிய எச்சில் சட்டியையும், காலடித் தடத்தை அழிக்கக் கட்டியிருந்த துடைப்பத்தையும், தேவதாசிகளையும் முரட்டுக் கோட்டில் வரைந்தார். கண்காட்சிக் கூடத்தில் ஒயின் கோப்பையோடு நிற்கிறவன் அதைப் பார்த்துக் கூசிப்போக வேண்டும். கூசவைப்பதும் ஒரு அழகியல்தான்.

இன்னொரு வழியும் இருக்கிறது. நம்ம கரையிலேயே பாருங்கள். மதுரையில் மீன் விற்ற தாயின் மகன் எம். பழனிக்குமார் என்கிற போட்டோக்காரர், திருப்புல்லாணிப் பக்கம் பாரதிநகரில் கடல்பாசி எடுக்கிற பெண்களைப் பல நாள் கூடவே இருந்து படம் எடுத்தார். விரலில் துணிச்சுருளும் ரப்பர் உறையும், கண்ணில் கண்ணாடியும், சேலைக்கு மேல் சட்டையும் மாட்டிக்கொண்டு அந்தப் பெண்கள் மூச்சடக்கி முங்குகிறார்கள். மன்னார் வளைகுடாவுக்கு வருகிற சுற்றுலாக்காரன் கேமராவில் பவளமும் படகும் சூரிய அஸ்தமனமும்தான் விழும். 1964 புயல் தின்ற தனுஷ்கோடி சர்ச்சுச் சுவரைப் பின்னால் வைத்துக் கல்யாண போட்டோ எடுக்கிறார்கள். பழனிக்குமாரின் படத்தில் ஒவ்வொரு பெண்ணுக்கும் முகம் இருக்கிறது, பெயர் இருக்கிறது, கூலிக் கணக்கு இருக்கிறது. மலக்குழிச் சாவுகளைப் பற்றிய 'கக்கூஸ்' ஆவணப்படத்துக்கும் கேமரா பிடித்தவர் அவர்தான். இரக்கப்பட்டு எடுத்த படத்தில் ஆள் கீழே தெரிவான். கூட உட்கார்ந்து எடுத்த படத்தில் கண்ணுக்கு நேராகத் தெரிவான். வித்தியாசம் அவ்வளவுதான், ஆனால் அந்த வித்தியாசம்தான் அரசியல்.

கடலுக்கு அந்தப் பக்கம் யாழ்ப்பாணத்தில் சனாதனன் என்ற ஓவியர், இடம்பெயர்ந்த சனங்களிடம் போய், "நீங்க விட்டுட்டு வந்த வீட்டை வரைஞ்சு காட்டுங்க" என்று கேட்டார். கிணறு இங்கே, மாமரம் இங்கே, சாமி அறை இங்கே என்று அவர்கள் நினைவிலிருந்து போட்ட கோடுகளைத் தொகுத்து 2011இல் புத்தகமாக்கினார். பழைய காணிப் பதிவேட்டின் பெயரை வைத்து 'முடிவுறாத தோம்பு' என்று அர்த்தம் வரும்படி தலைப்பு வைத்தார். 1983க்குப் பிறகு ஓடிவந்தவர்களை அடைத்துவைத்த அதே மண்டபம் கேம்ப் வழியாகத்தான் எங்க தாத்தா போனார். போகிறவனுக்கும் வருகிறவனுக்கும் ஒரே கொட்டடி. நம்மிடம் யாராவது இப்படிக் கேட்டதுண்டா? எரித்த குடிசை எப்படி இருந்தது என்று நம் கிழவிகளிடம் ஒரு பென்சிலைக் கொடுத்து நாமே கேட்டிருக்கிறோமா?

செத்தவரின் படத்தை யார் வரைகிறார் என்பது ரொம்ப முக்கியம். ராமேஸ்வரம் பேய்க்கரும்பில் அப்துல் கலாம் நினைவிடத்தை 2017 ஜூலை 27இல் திறந்தார்கள். அதில் அவர் வீணை வாசிக்கிற மாதிரி ஒரு மரச் சிற்பம், பக்கத்தில் பகவத் கீதை. வீணை அவருக்குப் பிடிக்கும், உண்மைதான். கீதை படித்தவர், அதுவும் உண்மைதான். ஆனால் ராமேஸ்வரத்து மரைக்காயர் வீட்டுப் பிள்ளையின் எத்தனையோ உண்மைகளில் எதைச் செதுக்குவது, எதை விடுவது என்று முடிவெடுத்தது யார்? சர்ச்சை வந்தபிறகு குடும்பத்தார் குர்ஆனையும் பைபிளையும் கொண்டுவந்து வைக்கவேண்டி வந்தது. படம் பொய் சொல்ல வேண்டியதில்லை. ஒரு பாதி உண்மையை மட்டும் சொன்னால் போதும்.

இதைச் சொல்லிவிட்டு நம்ம முதுகைப் பார்க்காமல் போனால் நான் யோக்கியனில்லை.

வருசா வருசம் செப்டம்பர் 11 வருகிறது. தியாகி இமானுவேல் சேகரன் முகத்தை இந்த ஊர்ச் சுவர்களில் எத்தனை முறை வரைந்திருப்பேன் என்று கணக்கில்லை. இப்போது நம்ம இளவட்டங்கள் ஃபிளக்ஸ் டிசைன் கொண்டுவருகிறார்கள். பின்னால் சிங்கம், கையில் வாள், தலையில் கிரீடம், முறுக்கிய மீசை வருசத்துக்கு ஒரு அங்குலம் வளர்கிறது. "ஏன் தம்பி இந்த வாளு?" என்றால், "அவங்க போஸ்டர்ல இருக்குல்லண்ணே, நமக்கு மட்டும் வேணாமா?" என்கிறான். அவன் ஆதங்கம் எனக்குப் புரிகிறது. நீ அடிமை என்றே கேட்டு வளர்ந்தவன், நான் மன்னன் என்று சொல்லிப் பார்க்கிறான். ஆனால் ராமலிங்க விலாசத்துச் சுவரில் நம்மை வெளியே நிறுத்திய அதே படத்தை எடுத்து, முகத்தை மட்டும் மாற்றி ஒட்டினால் விடுதலை ஆகுமா? அந்தக் கிரீடத்துக்குக் கீழே இன்னொரு சேரி வேண்டுமே, அதற்கு யாரை வைக்கப் போகிறோம்? நமக்கும் கீழே என்று நாம் நினைக்கிற சாதியையா? நம் வீட்டுப் பெண்களையா? நம்ம ஃபிளக்ஸிலும் ஒரு பெண் முகம் இல்லையே, கவனித்தீர்களா?

1957 செப்டம்பர் 10 அன்று முதுகுளத்தூரில் கலெக்டர் கூட்டிய சமாதானக் கூட்டம். மறுநாள் இதே பரமக்குடியில் அவரைக் கொன்றார்கள். அந்தக் கூட்டத்தில் அவர் சமமாக உட்கார்ந்து, சமமாகப் பேசினார் என்பதுதான் பொறுக்கவில்லை என்று நம் பெரியவர்கள் சொல்லிச் சொல்லி வளர்ந்திருக்கிறோம். வாள் எடுத்ததற்காக அவர் சாகவில்லை. உட்கார்ந்ததற்காகச் செத்தார். அப்படியானால் நம் தியாகியை எதில் வைத்து வரைய வேண்டும்? சிங்கத்தின் மேலா, நாற்காலியிலா?

போன வருசம் ஒரு சுவரில் அவரை நாற்காலியில் உட்காரவைத்துக் கரிக்கோட்டில் போட்டேன். சாதாரண மர நாற்காலி. வேலை பாதியில் தம்பிமார் வந்து நின்றார்கள். "உக்காந்திருந்தா கெத்தா இல்லண்ணே" என்றார்கள். வாக்குவாதம் ஆகிவிட்டது. அந்நேரம் காட்டு வேலைக்குப் போய்த் திரும்பிய ஒரு அம்மா, தலைச்சுமையோடு நின்று பார்த்தது. "அவுக உக்காந்தே இருக்கட்டும்ப்பா. நின்னு நின்னுதான நம்ம காலு ஓஞ்சு போச்சு. ஆனா கண்ண மேகத்தப் பாக்குற மாதிரி போடாத. என்னயப் பாக்குற மாதிரி போடு" என்று சொல்லிவிட்டுப் போனது.

அழகியல் பற்றி நான் கேட்ட நல்ல பேச்சு அதுதான். அன்றைக்குத் தம்பிமார் ஒப்பவில்லை. சுவர் அவர்கள் கூலி கொடுத்த சுவர், அதனால் வெள்ளையடித்து மூடிவிட்டு வாள்தான் வரைந்து கொடுத்தேன். வயிற்றுப்பாடு. அதைச் சொல்ல எனக்கு வெட்கமாக இருக்கிறது. அதனால்தான் இங்கே சொல்கிறேன்.

மாணவர்களே, நீங்கள் கண்காட்சியில் வைத்திருக்கிற படங்களைப் பார்த்தேன். நிறைய வலி இருக்கிறது, ரத்தம் இருக்கிறது, சங்கிலி இருக்கிறது. வரையுங்கள், வேண்டும். அதோடு ஒன்று கேட்டுக்கொள்கிறேன். உங்கள் வீட்டுக் குலுக்கையிலும் டிரங்குப் பெட்டியிலும் என்ன ஒளித்துவைத்திருக்கிறது என்று பாருங்கள். அப்பத்தாமாரைப் பக்கத்தில் உட்காரவைத்துக் கேளுங்கள், அவர்கள் சொல்லச் சொல்ல வரையுங்கள். நம் கலை வரலாறு சென்னை மியூசியத்தில் இல்லை, அந்தப் பெட்டிகளுக்குள்தான் கிடக்கிறது.

எங்க வீட்டுத் தெருப்பக்கச் சுவர் எனக்குச் சொந்தம். அதற்கு எவனும் கூலி தரவேண்டாம். இந்த வருசம் அதில் நாற்காலியைத்தான் வரையப் போகிறேன். ஒன்றல்ல, வரிசையாக நாற்காலிகள். ஒன்றில் தியாகி. ஒன்றில் குடையோடு எங்க தாத்தா. ஒன்றில் சுமையை இறக்கிவைத்துவிட்டு அந்த அம்மா. மீதி நாற்காலிகளில் யாரை உட்காரவைப்பது என்று நீங்கள் வந்து சொல்லுங்கள். வெறுமனே சொல்லிவிட்டுப் போகாதீர்கள், பிரஷைப் பிடியுங்கள். வர்ணம் நான் வாங்கி வைத்திருக்கிறேன்.